24 நாள்னா கணக்குல வராதா?



போன மாசம் வெளியில ஒரு வினாடி வினா போட்டிக்குப் போயிருந்தோம். "தமிழ்நாட்டின் முதல் பெண் முதலமைச்சர் யார்?" என்று ஒரு கேள்வி. நான் வி.என். ஜானகி என்று எழுதினேன். தப்பு போட்டுட்டாங்க. ஜெயலலிதா என்று எழுதினவங்களுக்கு மார்க். நான் போய்க் கேட்டதுக்கு, "அது 24 நாள்தானேம்மா, அதெல்லாம் கணக்குல வராது" என்றார்கள். அந்த ஒரு மார்க்கில் எங்களுக்கு இரண்டாம் பரிசு போச்சு. பரிசு போனதை விட அந்தப் பதில்தான் எனக்கு ஆறவே இல்லை.

1987 டிசம்பர் 24 அன்று முதலமைச்சர் எம்.ஜி.ஆர். இறந்தார். நெடுஞ்செழியன் கொஞ்ச நாள் பொறுப்பில் இருந்தார். அதற்குள் கட்சி ரெண்டாப் பிரிஞ்சது. ஒரு பக்கம் ஜெயலலிதா. இன்னொரு பக்கம் ஆர்.எம். வீரப்பன் போன்றவர்கள் எம்.ஜி.ஆரின் மனைவி ஜானகியை முன்னால் நிறுத்தினார்கள். 1988 ஜனவரி 7 அன்று அவர் முதலமைச்சர் ஆனார். அவர் எம்.எல்.ஏ.வே இல்லை. ஆனால் அது சட்டப்படி தப்பில்லை. சபையில் உறுப்பினராக இல்லாதவர் ஆறு மாதம் வரை மந்திரியாக இருக்கலாம் என்று நம் அரசியல் சட்டமே சொல்கிறது.

ஜனவரி 28 அன்று சட்டசபையில் நம்பிக்கை ஓட்டெடுப்பு. சபைக்குள்ளேயே அடிதடி! போலீஸ் உள்ளே வந்து தடியடி நடத்தியது. அந்தக் கலாட்டாவுக்கு நடுவில் அரசு ஜெயித்துவிட்டதாக சபாநாயகர் பி.எச். பாண்டியன் அறிவித்தார். (நம்ம வகுப்புல இரைச்சல் போட்டா வெளியே நிக்க வெக்கறாங்க!) கவர்னர் குரானா டெல்லிக்கு அறிக்கை அனுப்பினார். ஜனவரி 30 அன்று ஆட்சி கலைக்கப்பட்டது. பிறகு ஏறக்குறைய ஒரு வருஷம் ஜனாதிபதி ஆட்சிதான்.

எங்க தாத்தா மாங்கா மண்டியில் வேலை பார்த்தவர், எம்.ஜி.ஆர். ரசிகர். அவரைக் கேட்டேன். "அது ஒரு ஆட்சியா கண்ணு? மாமரத்துல பூ வந்து பிஞ்சு பிடிக்கறதுக்குள்ள முடிஞ்சிருச்சு" என்று சிரித்தார்.

நான் சிரிக்கவில்லை. அந்த ஆட்சி நல்லது செய்தது என்று சொல்ல வரவில்லை, செய்ய நாளும் இல்லை. அந்த ஓட்டெடுப்பும் ஒழுங்காக நடக்கவில்லை. ஆனால் அந்த அம்மாவை நாற்காலியில் உட்கார வைத்தபோதும் மக்களைக் கேட்கவில்லை, இறக்கிவிட்டபோதும் கேட்கவில்லை. 1989 தேர்தலில்தான் கேட்டார்கள். ஆண்டிபட்டியில் ஜானகி தோற்றார், அரசியலை விட்டே விலகினார். அது நியாயமான தோல்வி. அதை நான் ஒத்துக்கறேன்.

நம்ம பக்கத்து கர்நாடகாவிலும் இப்படி ஒன்று நடந்தது. 1989 ஏப்ரலில் எஸ்.ஆர். பொம்மை ஆட்சியைக் கலைத்தார்கள். அங்கே ஓட்டெடுப்பு நடத்தக்கூட விடவில்லை. அவர் கோர்ட்டுக்குப் போனார். 1994இல் சுப்ரீம் கோர்ட்டின் ஒன்பது நீதிபதிகள் தீர்ப்பு சொன்னார்கள். ஒரு அரசுக்குப் பெரும்பான்மை இருக்கா இல்லையா என்று சட்டசபைக்குள்தான் பார்க்க வேண்டும், கவர்னர் தானாக முடிவு செய்யக்கூடாது என்றார்கள். பொம்மை முதலமைச்சராக இருந்தது ஒன்பது மாசம் கூட இல்லை. ஆனால் அவர் பேரில் உள்ள வழக்கைத்தான் இன்றைக்கும் சட்டம் படிக்கிறவர்கள் படிக்கிறார்கள். அது மட்டும் கணக்குல வருதே?

அதனால் கேள்வி தயாரிக்கும் பெரியவர்களுக்கு ஒரு வேண்டுகோள். அடுத்த போட்டியிலும் இதே கேள்வியைக் கேளுங்கள். நான் திரும்பவும் ஜானகி என்றுதான் எழுதுவேன்.

– ஒன்பதாம் வகுப்பு மாணவி