தலைமன்னார் வெளிச்சவீடு செல்பி எடுக்க மட்டுமா?

கொஞ்சம் நீளமான பதிவு, நேரம் கிடைக்கும்போது வாசியுங்கள்.

ஒவ்வொரு பெருநாளும் முடிந்த கையோடு என் டைம்லைன் முழுக்கத் தலைமன்னார் துறைப் படங்கள்தான். வெளிச்சவீடு பின்னால், நம்ம பொடியன்மார் முன்னால். சந்தோஷம். போன பெருநாளைக்கு வந்த ஒரு படத்துக்குக் கீழே ஒருவர் எழுதியிருந்தார்: "இந்தப் பழைய தூணை வைத்து என்ன செய்யப் போறீங்க? இடித்துப் போட்டு ஒரு ஹோட்டல் கட்டினால் நாலு பேருக்கு வேலை கிடைக்கும்." அதற்கு நிறைய லைக். எனக்குக் கோபம் வரவில்லை. வேலை இல்லாத ஊரில் இது கேட்க வேண்டிய கேள்விதான். ஆனால் பதில் சொல்லாமல் விட்டால், இடிப்பதுதான் சரி என்று நம்ம பிள்ளைகள் நினைத்துவிடும்.

முதலில் அந்த விளக்கு அங்கே ஏன் வந்தது என்று பார்ப்போம். காலியில் உள்ளதும் பேருவளைத் தீவில் உள்ளதும் பெரிய கப்பல் பாதைக்கு வெளிச்சம் காட்ட நிற்பவை. நம்ம பக்கம் அப்படி இல்லை. ஆதம் பாலத்து மணல் திட்டுகளுக்குள்ளால் பெரிய கப்பல் எதுவும் போக முடியாது, இலங்கையைச் சுற்றித்தான் போக வேண்டும். தலைமன்னாருக்கு விளக்கு தேவைப்பட்டது தனுஷ்கோடிக் கப்பலுக்காக. 1914 பெப்ரவரியில் பாம்பன் பாலம் திறந்தார்கள், மார்ச் 1ஆம் திகதி கப்பல் சேவை தொடங்கியது. கர்சன், எல்ஜின், ஹார்டிஞ் என்று மூன்று நீராவிக் கப்பல்கள், மூன்றுக்கும் வைஸ்ராய்மார் பெயர். அந்தக் கரையில் ரயிலை விட்டு இறங்கி, இருபது மைல் சொச்சம் கடலைக் கடந்து, இந்தக் கரையில் கொழும்பு ரயில் ஏறலாம். "போட் மெயில்" என்று நம்ம பெரியவர்கள் சொல்வது இதைத்தான்.

அதில் வந்தவர்கள் யார்? துரைமாரும் வியாபாரிகளும் வந்தார்கள்தான். பெருவாரியாக வந்தது தோட்டத்துக்குப் பிடித்து வரப்பட்ட கூலிச் சனம். ரயில் வருவதற்கு முந்திய காலத்தில் அவர்களின் முன்னோர் மன்னார்க் கரையில் இறங்கி, காட்டு வழியே மலைநாட்டுக்கு நடந்தார்கள். பசியிலும் காய்ச்சலிலும் கொலராவிலும் வழியிலேயே விழுந்தவர்களுக்குக் கணக்கில்லை. பிறகு அந்தக் கரையில் மண்டபம் முகாமில் தடுத்து வைத்து, நோய் பார்த்து, கப்பலேற்றி அனுப்பினார்கள்.

அதே துறையால்தான் திருப்பியும் அனுப்பினார்கள். 1964 ஒக்டோபர் 30ஆம் திகதி சிறிமா - சாஸ்திரி ஒப்பந்தம் கையெழுத்தானது. 5,25,000 பேர் இந்தியாவுக்கு, 3,00,000 பேர் இலங்கைக்கு, மீதி 1,50,000 பேர் பிறகு பார்க்கலாம் என்று ஆட்களைப் பங்கு வைத்தார்கள். இரண்டு மாதம் ஆகவில்லை, டிசம்பர் 22 இரவு அடித்த புயலில் தனுஷ்கோடி அழிந்தது, ரயிலும் ஆட்களோடு கடலில் போனது. அதற்குப் பிறகு கப்பல் இராமேஸ்வரத்துக்கு ஓடியது. இங்கேயே பிறந்து, இங்கேயே கொழுந்து பறித்த சனம் பெட்டி படுக்கையோடு அந்தக் கப்பல்களில் ஏறிப் போனார்கள். இந்த மண்ணில் அவர்கள் கடைசியாகக் கால் வைத்த இடம் நம்ம தீவு. யுத்தம் வந்தது, 1980களில் கப்பலும் நின்றது.

1990ஐப் பற்றி நான் சொல்லித்தான் தெரிய வேண்டுமா? ஒக்டோபர் கடைசியில் விடுதலைப் புலிகள் நம்மை வெளியேற்றினார்கள். தீவுச் சனம் தோணியில் கல்பிட்டிக்கும் புத்தளத்துக்கும் போனது. அதே வருஷம் பேசாலை, தலைமன்னார்ப் பக்கத்துத் தமிழ்ச் சனமும் ஷெல்லடிக்குப் பயந்து தோணியேறி இராமேஸ்வரத்தில் இறங்கியது. அவர்களைக் கொண்டுபோய் வைத்ததும் மண்டபம் முகாமில்தான், ஒரு காலத்தில் கூலிச் சனத்தைத் தடுத்து வைத்த அதே மண்டபம். இரண்டு பக்கமும் கடல் தாண்டியவர்கள் நாம். யாருடைய கதை பெரியது என்று பேஸ்புக்கில் சண்டை பிடிக்கிறோமே, அந்தத் துறையில் நின்று யோசித்தால் கொஞ்சம் வாய் மூடும்.

இப்போது சட்டத்துக்கு வருவோம். பலருக்கும் இது தெரியாது. 1940ஆம் ஆண்டின் தொல்பொருள் கட்டளைச் சட்டம் 1815 மார்ச் 2ஆம் திகதிக்கு முந்திய கட்டடங்களைத்தான் புராதனச் சின்னம் என்று எடுத்துக்கொள்கிறது. கண்டி உடன்படிக்கை கைச்சாத்தான நாள் அது. அதற்குப் பிந்தியது என்றால் அமைச்சர் தனியாகக் கட்டளை போட்டுப் பாதுகாக்க வேண்டும். கண்டி வீழ்ந்த திகதியை வைத்து முழு நாட்டுக்கும் கோடு கிழித்தால், ரயில், கப்பல், கூலிச் சனம் என்று நம்ம கரையின் கடைசி நூறு வருஷம் முழுவதும் கோட்டுக்கு வெளியே போய்விடுகிறது. தன்பாட்டில் பாதுகாப்புக் கிடைக்காது, நாம்தான் கேட்க வேண்டும்.

சட்டத்துக்குள் வந்தால் மட்டும் காப்பாற்றிவிடுவார்களா என்று கேட்பீர்கள். நியாயம். அரிப்பில் ஆளுநர் நோர்த் 1801க்கும் 1804க்கும் இடையில் கட்டிய மாளிகை 1815க்கு முந்தியதுதான். போய்ப் பாருங்கள், துண்டு துண்டாகக் கடலுக்குள் விழுகிறது. ஆகவே கெசட் காகிதம் மட்டும் போதாது. பூச்சுக்கும், துருப் பார்க்கவும், கடலரிப்புக்குக் கல் போடவும் ஒவ்வொரு வருஷமும் காசு ஒதுக்க வேண்டும். பிரதேச சபைக்கு வாக்குக் கேட்டு வருகிறவர்களிடம் இதைக் கேளுங்கள்.

இன்னொரு விஷயம், இது எனக்குப் பிடித்தது. பள்ளிவாசல் மினாராவுக்கும் கலங்கரை விளக்குக்கும் அறபியில் ஒரே வேர்தான், "மனார்", வெளிச்சம் இருக்கும் இடம். இப்னு பதூதா 1326இல் அலெக்சாந்திரியாவின் பேர்பெற்ற விளக்கைப் பார்த்தார், ஒரு பக்கம் மட்டும் சிதைந்திருந்தது. 1344இல் நம்ம புத்தளக் கரையில் இறங்கினார், ஆரியச்சக்கரவர்த்தியைச் சந்தித்தார். 1349இல் திரும்ப அலெக்சாந்திரியாவுக்குப் போனபோது வாசலுக்கு ஏறக்கூட முடியாத அளவுக்கு அது இடிந்து கிடந்தது. உலக அதிசயம் என்று பேரெடுத்த கட்டடத்துக்கே கவனிக்க ஆளில்லாவிட்டால் 23 வருஷம் போதும். தலைமன்னார்த் துறையின் பழைய இரும்புப் பாலத்தைப் பார்த்தவர்களுக்கு நான் சொல்வது விளங்கும்.

ஹோட்டல் கட்ட வேண்டாம் என்று நான் சொல்லவில்லை. தாராளமாகக் கட்டுங்கள், துறையை விட்டுத் தள்ளிக் கட்டுங்கள். 2015இல் தலைமன்னாருக்கு ரயில் திரும்பி வந்தது. அதில் வந்து இறங்குகிறவர் எதைப் பார்க்க வருகிறார்? ஹோட்டல் அறையையா? காலிக் கோட்டைக்கு வருகிறவர்கள் வெளிச்சவீட்டையும் பக்கத்தில் மீரான் பள்ளியையும் ஒரே படத்தில் எடுத்துப் போகிறார்கள். அங்கே உள்ள கடைக்காரர்களுக்கு அதன் விலை தெரியும்.

நம்ம தரம் 9 பிள்ளைகளிடம் கேட்டுப் பார்த்தேன். நடுக்குடாக் காற்றாலையில் 30 கோபுரம், 103.5 மெகாவொட் என்று டக்கென்று சொன்னார்கள். வெளிச்சவீடு? "நேவிக்காரருடையது மிஸ்" என்றது ஒரு பிள்ளை. பிள்ளையில் பிழையில்லை, வீட்டில் யாரும் சொல்லவில்லை. சொல்லக்கூடியவர்கள் எழுபத்தைந்து, எண்பது வயதில் இருக்கிறார்கள், மாதம் ஒருவராவது மௌத்தாகிறார்கள். காகிதமும் இல்லை. பெட்டியில் கிடந்த டிக்கெட், ரசீது, தோணிப் பதிவு எல்லாம் 90இல் வீட்டோடு போனது.

அதனால் ஒரு உதவி. உங்கள் வீட்டிலோ பக்கத்து வீட்டிலோ துறையில் மூட்டை சுமந்தவர், ரயிலில் வேலை பார்த்தவர், கப்பலில் இந்தியா போய் வந்தவர் யாராவது இருந்தால், முஸ்லிம், தமிழ் என்று பார்க்க வேண்டாம், போனில் பத்து நிமிஷம் பேசவிட்டுப் பதிவு செய்து எனக்கு அனுப்புங்கள். என்ன வேலை, எந்த வருஷம், விளக்கை யார் ஏற்றினார்கள், இந்த மூன்றையும் மறக்காமல் கேளுங்கள். புத்தளத்தில் இருக்கிற உறவுகளே, உங்களுக்கும்தான். பழைய டிக்கெட், கடவுச்சீட்டு, படம் எது இருந்தாலும் மூலத்தைத் தர வேண்டாம், போட்டோ எடுத்து இன்பொக்ஸில் போட்டால் போதும். பின்னால் பெயரும் வருஷமும் எழுதியிருந்தால் அந்தப் பக்கத்தையும் சேர்த்து எடுங்கள்.