பியர் விலையும் தோட்டத்துக் கசிப்பும்

2017 நவம்பர் வரவு செலவுத் திட்டத்தில் நிதியமைச்சர் மங்கள சமரவீர பியர் மீதான வரியைக் குறைத்தார். கடும் மதுவிலிருந்து மக்களைத் திருப்புவதே நோக்கம் எனப்பட்டது. அந்தச் சலுகை நிலைக்கவில்லை. மதுவரி 2023 ஜனவரியில் 20 வீதமும், 2025 ஜனவரியில் 6 வீதமும் கூட்டப்பட்டது.

இரத்தினபுரி, கேகாலை தோட்டங்களிலோ நாட்சம்பளம் 2024இல்தான் 1,350 ரூபாயானது. இரண்டு பெரிய போத்தல் பியர் வாங்கினால் அதில் பெரும்பகுதி போய்விடும்.

பியர் எட்டாவிட்டால் குடி நின்றுவிடுவதில்லை. மலிவான கசிப்புக்குத் திரும்புகிறது. கசிப்புக்கு வரியும் இல்லை, தரப் பரிசோதனையும் இல்லை. கொழுந்து பறித்தும் பால் வெட்டியும் பெண்கள் உழைத்த காசும் அதில் கரைகிறது. திறைசேரியின் வருமானக் கணக்கில் அந்த இழப்பு வருவதில்லை. மதுவரியைக் கூட்டும் அரசு, கசிப்பு ஒழிப்பையும் நாட்சம்பளத்தையும் சேர்த்தே பார்க்க வேண்டும்.