காணாமற்போனவரின் கையெழுத்து

கொற்கைக்கு நேரெதிரே, கடலுக்கு அப்பால் போர் 2009இல் முடிந்தது. கணவரை இழந்தும் தேடியும் நின்ற வட இலங்கைப் பெண்கள் குடும்பத்தைச் சுமந்தனர். கண்ணிவெடி அகற்றும் பணிக்கும் சென்றனர். ஆனால், யாழ்ப்பாணத் தேசவழமைக்கென 1911இல் இயற்றப்பட்ட சட்டமோ, மணமான பெண் தன் சொந்த நிலத்தை விற்கவும் கணவரின் எழுத்துவழிச் சம்மதத்தைக் கேட்டது. காணாமற்போனவர் எவ்வாறு கையெழுத்திடுவார்? அவள் நீதிமன்றப் படியேற வேண்டியதாயிற்று.

மேற்கு ஜெர்மனியின் அனுபவமும் இதுவே. இடிபாடுகளை அகற்றிய பெண்களுக்கு 1949ஆம் ஆண்டு அரசமைப்புச் சட்டம் சமவுரிமை வழங்கியது. எனினும், இல்லறக் கடமைக்கு ஊறின்றியே மனைவி வேலைக்குச் செல்லலாம் என்ற விதி 1977 வரை நீடித்தது.

சுமையை ஏற்றப் போருக்கு ஒருநாள் போதும். உரிமைக்கு மட்டும் 28 ஆண்டுகளா? எதிர்க்கரையிலும் அவ்வாறு காக்கவைப்பது அறமன்று என்பேன்.