கெடு எந்த நாளில் தொடங்குகிறது, அமைச்சர் அவர்களே?

மனிதவள அமைச்சர் டாக்டர் டான் சீ லெங் அவர்களுக்கு,

வேலையிட நியாயத்தன்மைச் சட்டத்தை நாடாளுமன்றம் 2025 ஜனவரி 8 அன்று நிறைவேற்றியது. பூசல்களைத் தீர்ப்பதற்கான இரண்டாவது மசோதா அதே ஆண்டு நவம்பரில் நிறைவேறியது. வயது, இனம், மொழி, கர்ப்பம் போன்றவற்றைக் காரணமாக வைத்து ஒருவரை வேலைக்கு எடுக்காமல் விட்டால் இந்தச் சட்டத்தின் கீழ் முறையிடலாம். சட்டம் நடப்புக்கு வர 2027 இறுதியாகும். அதற்குள் ஒரு கேள்விக்குத் தெளிவான விடை வேண்டும். வேலை கிடைக்காதவருக்கான கெடு எந்த நாளிலிருந்து எண்ணப்படும்?

சிங்கப்பூரில் இத்தகைய முறையீடுகளுக்குக் கெடு குறுகியது. தவறான பணிநீக்கம் என்று முறையிட, கடைசி வேலைநாளிலிருந்து ஒரு மாதம்தான். பொது அமைப்பு ஒன்றின் முடிவை ரத்துசெய்யக் கோரி உயர் நீதிமன்றத்தின் அனுமதியை நாட மூன்று மாதம். இது சரியே. ஓர் இடத்தில் ஒருவர் அமர்ந்து வேலையைக் கற்று, குடும்பத்தையும் அதை நம்பி அமைத்துக்கொண்ட பிறகு, ஆண்டுகள் கழித்து அவரை எழுந்துபோகச் சொல்வது அவருக்கு அநீதி.

தமிழ்நாட்டு வழக்கு ஒன்று இதற்கு நல்ல சான்று. அரசுப் பொறியாளர் ஒருவரைத் தாண்டி 1957-இல் அவருக்கு இளையவர் பதவி உயர்வு பெற்றார். அந்தப் பொறியாளர் நீதிமன்றப் படியேறியது 1971-இல். பதினான்கு ஆண்டுத் தாமதம். ஆறு மாதத்தில், மிஞ்சினால் ஓராண்டில் வந்திருக்க வேண்டும் என்று இந்திய உச்ச நீதிமன்றம் 1974-இல் சொல்லிவிட்டது. 2008-இல் இன்னொரு தமிழ்நாட்டு வழக்கிலும் அதே கண்டிப்பு. 1982-இல் வேலை இழந்த அரசு ஊழியர் 2000-இல் மனுக் கொடுத்தார். அந்த மனுவுக்கு அதிகாரிகள் பதில் எழுதியதாலேயே காலாவதியான கோரிக்கை உயிர்பெற்றுவிடாது என்றது நீதிமன்றம்.

ஆனால் அந்த இருவருக்கும் நடந்தது இன்னதென்று தெரிந்திருந்தது. ஆணை இருந்தது, அதில் தேதி இருந்தது. இங்கே ஓராண்டு, ஈராண்டு ஒப்பந்த வேலைக்கு விண்ணப்பிக்கும் ஐம்பது வயதுக்காரருக்கு என்ன இருக்கிறது? நேர்முகத் தேர்வுக்குப் போய்வந்தபின் புளோக்குக்குக் கீழே காப்பிக்கடையில் உட்கார்ந்து, கைப்பேசியில் விண்ணப்ப நிலையைத் தட்டிப் பார்க்கிறார். "பரிசீலனையில்" என்ற ஒரே வரி வாரக்கணக்கில் மாறுவதில்லை. அந்த இடத்தில் வேறொருவர் சேர்ந்துவிட்டதை நண்பர் சொல்லித்தான் அறிகிறார். முடிவு எடுத்த நாளிலிருந்து கெடு ஓடுமானால், அவருக்குத் தெரியாமலே அது தீர்ந்துபோயிருக்கும். அவரைத் தாமதக்காரர் என்பது கொடுமை.

ஒப்பந்த வேலைக்கு இன்னொரு நெருக்கடியும் உண்டு. வழக்கு முடிவதற்குள் ஒப்பந்தமே முடிந்துவிடும். வென்றாலும் போய் அமர இடம் இருக்காது, இழப்பீடு மட்டுமே மிஞ்சும். ஆகவே விரைவு வேண்டும். அந்த விரைவு முதலாளியிடமிருந்து தொடங்க வேண்டும்.

நேர்முகத் தேர்வுக்கு வந்த ஒவ்வொருவருக்கும் தேதியிட்ட முடிவுக் கடிதம் போக வேண்டும். அதில் காரணம் இரண்டு வரியாவது இருக்க வேண்டும். கெடு அந்தக் கடிதம் கிடைத்த நாளிலிருந்து தொடங்கட்டும். கடிதமே வராவிட்டால் விண்ணப்பதாரருக்கு ஆறு மாதம் வரை அவகாசம் கொடுக்கலாம். அதற்கு மேல் வேண்டாம், வேலையில் சேர்ந்தவருக்கும் நிம்மதி வேண்டும். கெடு முடியும்வரை தேர்வுக் குழுவின் குறிப்புகளை அழிக்கக்கூடாது.

அரசாங்க ஊழியர்களும் ஆணைபெற்ற கழக ஊழியர்களும், பணிநீக்க முறையீட்டுக்கு வழிசெய்யும் வேலை நியமனச் சட்டத்தின் கீழ் வருவதில்லை. அதனாலேயே பொதுத்துறை இந்தக் கடித முறையைச் சட்டத்துக்குக் காத்திராமல் தன் ஒப்பந்த வேலைகளில் இப்போதே தொடங்க வேண்டும். புதிய சட்டத்தின் துணைவிதிகளின் வரைவை, அரசாங்கக் கருத்துக்கேட்புத் தளமான ரீச்சில் நான்கு மொழிகளிலும் வெளியிட்டு, வேலை தேடுவோரிடமும் கருத்துக் கேளுங்கள்.

இப்படிக்கு,
ஈசூன்வாசி ஒருவர்