"மனசுல தைரியம் இல்லை" என்று எந்தப் பிள்ளையையும் சொல்லாதீர்கள்



பதிவு கொஞ்சம் நீளம். என் வகுப்பில் நாற்பது நிமிடம் கைகட்டி உட்கார்ந்தவர்கள் நீங்கள். பத்து நிமிடம் பொறுமையாகப் படியுங்கள். படித்துவிட்டுச் சண்டை போட வேண்டுமென்றால் கீழே போடுங்கள், நான் ஓடிவிட மாட்டேன்.

நான் எதிர்ப்பது ஒரே ஒரு வாக்கியத்தை. "அவனுக்கு மனசுல தைரியம் இல்லை." பரீட்சையில் மதிப்பெண் குறைந்தாலும், மேடையில் பேச்சு நின்றுபோனாலும், விளையாட்டில் தோற்றாலும் நம் ஆட்கள் இந்த ஒரே மருந்துச்சீட்டைத்தான் எழுதுகிறார்கள். நோயாளியைப் பார்க்காமலே எழுதுகிறார்கள்.

போன வாரம் நம் குடும்ப வாட்ஸ்அப் குழுவிலும் அதே சீட்டு. அமெரிக்காவில் மகள் வீட்டில் என் பேரன் பேஸ்பால் விளையாடுகிறான். பதினோரு வயது. மூன்று முறை மட்டையை வீசி மூன்று முறையும் பந்தைத் தவறவிட்ட காணொளியை யாரோ போட, அதன் கீழே பெரியவர்கள் வரிசையாக எழுதிவிட்டீர்கள். பயப்படுகிறான், உறுதி போதாது, இந்தக் காலத்துப் பிள்ளைகளே இப்படித்தான் என்று. அவனுக்குத் தமிழ் படிக்கத் தெரியும் என்பதை மறந்துவிட்டீர்கள். நான்தான் சொல்லிக்கொடுத்தேன். எல்லாவற்றையும் எழுத்துக்கூட்டிப் படித்துவிட்டு, இனி மட்டையைத் தொடமாட்டேன் என்று உட்கார்ந்திருக்கிறான். முதலில் அந்த வரிகளை அழித்துவிட்டு வந்து மேலே படியுங்கள்.

உங்கள் மேல் எனக்கு மரியாதை உண்டு. ஆனால் விளையாட்டைத் தெரிந்துகொள்ளாமல் தீர்ப்பு எழுதுவதை ஏற்க முடியாது. ஆறு மாதம் அங்கே தங்கியிருந்தபோது ஒவ்வொரு விதியாகக் கேட்டுக் கேட்டுக் கற்றுக்கொண்டு வந்தவள் சொல்கிறேன்.

முதலில் கணக்கு. பேஸ்பாலில் பத்து முறை மட்டை பிடித்து மூன்று முறை சரியாக அடித்து பேஸை அடைந்தால் அவர் நல்ல ஆட்டக்காரர். நம் பள்ளிக்கூடத்தில் பத்துக்கு மூன்று என்றால் ஃபெயில். டெட் வில்லியம்ஸ் என்று பாஸ்டன் அணியில் ஒருவர் இருந்தார். 1941-ல் அவர் 456 வாய்ப்புகளில் 185 முறை அடித்தார். விளையாட்டுக் கணக்கில் அதை .406 என்று எழுதுவார்கள். அதற்குப் பிறகு எண்பது வருடங்களுக்கு மேலாகியும் அந்தப் பெரிய லீகில் ஒருவரும் ஒரு பருவம் முழுக்க ஆடி .400-ஐத் தொடவில்லை. இப்போது கழித்தல் போடுங்கள். 456-ல் 185 போனால் 271. அதாவது, யாராலும் எட்ட முடியாத அந்தச் சாதனைப் பருவத்திலேயே அந்த மனிதர் 271 முறை தோற்றிருக்கிறார்.

அடுத்தது நேரம். பந்து எறிபவர் நிற்கும் இடத்திலிருந்து அடிப்பவர் நிற்கும் இடம் வரை 60 அடி 6 அங்குலம். மணிக்கு 95 மைல், அதாவது சுமார் 153 கிலோமீட்டர் வேகத்தில் எறிந்தால் பந்து ஏறக்குறைய 0.4 விநாடியில் வந்துவிடும். அதற்குள் பந்து எங்கே வருகிறது, வளைகிறதா, அடிப்பதா விடுவதா என்று முடிவெடுத்து மட்டையைச் சுழற்றியும் முடிக்க வேண்டும். கிரிக்கெட் மட்டை போலத் தட்டையானதும் இல்லை. உருண்டை மட்டையால் உருண்டைப் பந்தை அடிக்க வேண்டும். பதினோரு வயதுப் பிள்ளைகளுக்குத் தூரம் 46 அடிதான். அதனால் பந்து மெதுவாக வந்தாலும் யோசிக்க நேரம் அதிகமாகக் கிடைத்துவிடாது.

இந்த அரை விநாடியில் தைரியம் எங்கே வருகிறது, சொல்லுங்கள். இங்கே வேலை செய்வது பழக்கம். ஆயிரம் முறை செய்து செய்து உடம்புக்குள் இறங்கிய பழக்கம், தானாக நடக்க வேண்டும். "கையைச் சரியாக வைத்திருக்கிறேனா, எல்லாரும் பார்க்கிறார்களே, அப்பா திட்டுவாரே" என்று நினைப்பு உள்ளே புகுந்தால் அந்தப் பழக்கம் கலைந்துவிடும். ஆசிரியர் வேலை பார்த்தவர்களைக் கேட்டுப் பாருங்கள். தினமும் கரும்பலகையில் முத்து முத்தாக எழுதுகிறவருக்கு, ஆய்வாளர் பின்னால் வந்து நின்றதும் எழுத்து மேலும் கீழும் போகும். பத்து நிமிடத்தில் அவர் எழுதத் தெரியாதவர் ஆகிவிட்டாரா? கவனம் பாடத்திலிருந்து தன் கைக்குப் போய்விட்டது, அவ்வளவுதான். எழுத்தைக் கெடுத்தது அதிகப்படியான கவனம்.

"அதெல்லாம் சின்னப் பிள்ளைகளுக்கு, பெரிய வீரர்களுக்கு இரும்பு மனசு" என்பீர்கள். இருவரைச் சொல்கிறேன்.

ஸ்டீவ் பிளாஸ், பிட்ஸ்பர்க் அணியின் பந்து எறிபவர். 1971 உலகத் தொடரில் இரண்டு ஆட்டங்களை முழுக்க எறிந்து ஜெயித்துக் கொடுத்தார். அதில் ஒன்று, கோப்பையை முடிவு செய்த ஏழாவது ஆட்டம். 1972-ல் 19 வெற்றிகள். 1973-ல் திடீரென்று பந்து குறிக்குப் போகவில்லை. தோளில் காயம் இல்லை, கையில் வலி இல்லை. கொஞ்ச காலத்தில் அவருடைய ஆட்டமே முடிந்துபோனது. உலகத் தொடரின் கடைசி ஆட்டத்தில் நின்று ஜெயித்தவருக்குத் தைரியம் இல்லை என்று சொல்ல உங்களில் யாருக்குத் துணிச்சல் உண்டு?

இரண்டாமவர் ரிக் ஆங்கீல். செயின்ட் லூயிஸ் அணி. 2000 அக்டோபரில் அட்லாண்டாவுக்கு எதிரான முக்கியமான ஆட்டத்தில், ஒரே இன்னிங்ஸில் ஐந்து பந்துகளைக் காப்பாளரால் தடுக்க முடியாதபடி தாறுமாறாக எறிந்தார். 1890-க்குப் பிறகு யாருக்கும் அப்படி நடந்ததில்லை. வயது 21. பல வருடம் முயன்றார், சிகிச்சை எடுத்தார், பயிற்சி செய்தார். அந்த இடத்தில் நின்று எறியும் திறமை நிலையாகத் திரும்பவே இல்லை. 2005-ல் எறிவதை விட்டுவிட்டு, அடிப்பவராகவும் வெளிக்கள ஆட்டக்காரராகவும் புதிதாகக் கற்றுக்கொண்டு 2007-ல் திரும்பி வந்தார். வந்த முதல் ஆட்டத்திலேயே பந்தை எல்லைக்கு வெளியே பறக்கவிட்டார். 2008-ல் மைதானத்தின் கோடியிலிருந்து மூன்றாம் பேஸுக்கு, ஒரே ஆட்டத்தில் இரண்டு முறை, குறி பிசகாமல் எறிந்தார். கை அதே கைதான், ஆளும் அதே ஆள்தான். இதற்கு உங்கள் மருந்துச்சீட்டில் பதில் இருக்கிறதா?

சரி, அப்படியானால் பயிற்சி வேண்டாமா, கண்டிப்பு வேண்டாமா என்று சிலர் கேட்பீர்கள். நான் கண்டிப்பான டீச்சர் என்பது உங்களுக்கே தெரியும். மனசுக்கும் பயிற்சி உண்டு என்பதுதான் என் கட்சி. வசவு பயிற்சி ஆகாது.

அங்கே அந்தப் பயிற்சியை வளர்த்தவர்களில் முக்கியமானவர் ஹார்வி டார்ஃப்மேன். பள்ளிக்கூட வாத்தியார். ஆங்கிலம் நடத்தியவர். 1984-ல் ஓக்லண்ட் அணி அவரை மனப்பயிற்சிக்காகச் சேர்த்துக்கொண்டது. 1989-ல் கார்ல் கீல் என்பவரோடு சேர்ந்து பேஸ்பாலின் மனப்பக்கம் பற்றி ஒரு புத்தகம் எழுதினார். மிருதுவாகப் பேசுகிற ஆள் இல்லை, சாக்குச் சொன்னால் விடமாட்டார். ஆனால் ஆட்டக்காரருக்கு அவர் கொடுத்தது செய்யக்கூடிய வேலை. நடந்துபோன பந்தை விடு. ஒரு மூச்சு எடு. அடுத்த பந்து ஒன்றை மட்டும் பார். உன் கையில் இருப்பதைச் செய், முடிவு உன் கையில் இல்லை. "தைரியமாக இரு" என்பதில் செய்வதற்கு என்ன இருக்கிறது? "ஒரு மூச்சு எடு" என்றால் எட்டு வயதுப் பிள்ளையும் செய்யும்.

ராய் ஹாலடே கதையைப் பாருங்கள். 2000-ல் டொராண்டோ அணிக்காக அவர் எறிந்தது படுமோசம். ஒன்பது இன்னிங்ஸுக்குச் சராசரி பத்து ஓட்டங்களுக்கு மேல் கொடுத்தார். 2001-ல் கீழ்மட்ட அணிக்கு அனுப்பினார்கள். அங்கே ஒரு பயிற்சியாளர் அவர் கை சுழலும் விதத்தையே மாற்றினார். மனைவி வாங்கித் தந்த டார்ஃப்மேன் புத்தகத்தைப் படித்தார், பிறகு அவரிடமே பாடம் கேட்டார். 2003-ல் லீகின் சிறந்த எறிபவருக்கான சை யங் விருது. 2010-ல் எதிரணியில் ஒருவரைக்கூட பேஸுக்கு விடாத முழுமையான ஆட்டம் ஒன்று, மறுபடியும் அதே விருது. உடம்புக்கு ஒருவர், மனசுக்கு ஒருவர் என்று உட்கார்ந்து சொல்லிக்கொடுத்தார்கள். யாரும் அவரைக் கோழை என்று குழுவில் எழுதித் திருத்தவில்லை.

திட்டுகிற கூட்டம் என்ன செய்யும் என்பதற்கும் அங்கே சாட்சி இருக்கிறது. 1986 உலகத் தொடரின் ஆறாவது ஆட்டத்தில் பில் பக்னரின் கால்களுக்கு நடுவே பந்து உருண்டு போனது, பாஸ்டன் தோற்றது. பந்து அவரிடம் வருவதற்கு முன்பே எண்ணிக்கை சமமாகிவிட்டது. அதற்குப் பிறகு ஏழாவது ஆட்டமும் பாக்கி இருந்தது, அதிலும் பாஸ்டன் தோற்றது. ஆனால் பழி ஒருவர் தலையில். தன் காலத்தில் 2,715 முறை அடித்து பேஸை அடைந்த மனிதரை அந்த ஒரு பந்தை வைத்தே பேசினார்கள், கொலை மிரட்டல்கூட வந்தது. 2008-ல் பாஸ்டன் மைதானத்துக்கு அவரை அழைத்து எழுந்து நின்று கைதட்டினார்கள். நடுவில் போன 22 வருடத்தை யார் திருப்பிக் கொடுப்பார்கள்?

பதினோரு வயதுப் பிள்ளைக்கு ஒரு வாட்ஸ்அப் குழுவே ஊர்க்கூட்டம்தான். அவனுக்கு அந்தப் பக்கம் ரசிகர்கள், இந்தப் பக்கம் எதிரிகள் என்று கிடையாது. எல்லாரும் அத்தை, மாமா, தாத்தா. அவர்கள் சொன்னால் அது உண்மை என்று நம்பிவிடுவான்.

ஆகவே உங்களுக்கு வீட்டுப்பாடம். உங்கள் பிள்ளை எந்த விளையாட்டு ஆடினாலும், எந்தப் பரீட்சை எழுதினாலும் இது பொருந்தும். மைதானத்தின் ஓரத்தில் நின்று "கவனமா ஆடு, கையைத் தூக்கு" என்று கத்தாதீர்கள். அந்த வேலைக்குப் பயிற்சியாளர் இருக்கிறார். வண்டியில் ஏறியதும் தோல்வியை அலசாதீர்கள். பசிக்கிறதா என்று கேளுங்கள். அவனாகப் பேசினால் மட்டும் பேசுங்கள். பிள்ளை தோற்ற காணொளியை அவனைக் கேட்காமல் எந்தக் குழுவிலும் போடாதீர்கள். தூக்கம் கெட்டு, சாப்பாடு கெட்டு, பயம் பல நாள் நீடித்தால் அறிவுரை சொல்லாமல் மருத்துவரிடம் அழைத்துப் போங்கள். ஜாக் கிரின்கி என்ற எறிபவர் 2006-ல் மனச்சோர்வும் பதற்றமும் தாங்காமல் ஆட்டத்தை விட்டே விலகி, சிகிச்சை எடுத்து, 2009-ல் அதே சை யங் விருதை வாங்கினார்.

இந்த வீட்டுப்பாடத்தை ஒரு மாதம் செய்து பார்த்துவிட்டு, பிள்ளையிடம் என்ன மாற்றம் தெரிந்தது என்று எனக்கு எழுதுங்கள். ஒத்துவரவில்லை என்றாலும் எழுதுங்கள், திருத்தித் தருகிறேன்.

அன்புடன்,
உங்கள் டீச்சர்