பாதியில் நின்றதே நல்லதாயிற்று

பொறியியல் பாவனை மென்பொருள் தயாரிக்கும் ஆன்சிஸ் நிறுவனத்தை 2025 ஜூலையில் சினாப்சிஸ் வாங்கியது. விலை ஏறக்குறைய 35 பில்லியன் அமெரிக்க டாலர். ஒரு பொருள் பாரத்தைத் தாங்குமா, உடையுமா என்று செய்வதற்கு முன்பே கணினியில் பார்த்துவிடும் மென்பொருளுக்கு அவ்வளவு மதிப்பு. செயற்கை நுண்ணறிவும் சேர்ந்தால் இந்தக் கணக்குகள் இன்னும் விரைவாகும் என்கிறார்கள். ஆகட்டும். இறுதியாண்டு இயந்திரப் பொறியியல் மாணவனான என் கவலை வேறு.

சுவரில் இரண்டு திருகாணிகளால் பொருத்தும் எஃகுத் தாங்கி ஒன்றை இத்தகைய மென்பொருளில் சோதித்தேன். ஒவ்வொரு முறையும் பாதியிலேயே நின்றுவிட்டது. நினைவகம் போதவில்லை என்று நினைத்து மற்றச் செயலிகளை மூடினேன். மென்பொருளை அழித்துவிட்டு மீண்டும் நிறுவினேன். விடியற்காலை இரண்டு மணிக்கு உரையாடு செயலியிடம் கேட்டேன். மாதிரியைப் பிடித்துக்கொள்ள வலுவற்ற கற்பனைச் சுருள்வில்களைச் சேர்க்கச் சொன்னது. சேர்த்தேன், ஓடியது! தகைவு மிகக் குறைவு. தாங்கி எவ்வளவு உறுதி என்று பூரித்துப்போனேன்.

மறுநாள் ஆய்வகத்தில் மூத்த மாணவி ஒருவர், “தம்பி, எவ்வளவு நகர்ந்திருக்கு, பார்த்தியா?” என்று கேட்டார். பார்த்தேன். உள்ளங்கையளவு தாங்கி பல மீட்டர் நகர்ந்திருந்தது. படத்தை மென்பொருள் தானாகவே சுருக்கிக் காட்டியதால் எனக்குத் தெரியவில்லை. திருகாணிகளுக்கும் தாங்கிக்கும் இடையே சிறு இடைவெளி இருந்திருக்கிறது. இரண்டும் ஒட்டியிருப்பதாக நான் நினைத்தேன், மென்பொருளுக்கோ தாங்கி அந்தரத்தில் மிதந்தது. அதைத்தான் அது நின்று நின்று சொல்லியிருக்கிறது.

நிற்காமல் ஓடிய கணக்கு ஒன்று நார்வேயில் பெரும் இழப்பை ஏற்படுத்தியது. ‘ஸ்லெய்ப்னர் ஏ’ எண்ணெய்த் தளத்தின் கான்கிரீட் அடிப்பகுதி 1991 ஆகஸ்ட் 23ஆம் தேதி ஸ்டவாங்கர் நகருக்கு அருகே கடலில் மூழ்கியது. உயிர்ச்சேதம் இல்லை, ஆனால் சுமார் 700 மில்லியன் டாலர் இழப்பு. கணினி மாதிரியில் சுவர்கள் சந்திக்கும் இடத்தைச் சரியாகப் பிரிக்காததால் வெட்டுத் தகைவு 47 விழுக்காடு குறைவாகக் கணிக்கப்பட்டிருந்தது. சில சுவர்கள் போதிய கனமின்றிக் கட்டப்பட்டன. திரையில் எந்தப் பிழைச் செய்தியும் வந்து யாரையும் தடுக்கவில்லை. விபத்துக்குப் பிறகு கவனமாகச் செய்த கணக்கு, 62 மீட்டர் ஆழத்தில் சுவர் உடையும் என்றது. உண்மையில் உடைந்தது ஏறக்குறைய 65 மீட்டரில்.

உரையாடு செயலியை நான் குறை சொல்லவில்லை. “எப்படி ஓட வைப்பது?” என்று கேட்டேன், ஓட வைத்தது. ஏன் நின்றது என்று நான் கேட்கவே இல்லையே!

இப்போதெல்லாம் மென்பொருள் நின்றால் முதலில் பதிவுக் கோப்பைத் திறக்கிறேன். கடைசி வரியை விட முதலில் வந்த எச்சரிக்கைதான் பெரும்பாலும் உண்மையைச் சொல்கிறது. வட்டில் இடம் இருக்கிறதா என்றும் பார்ப்பேன், சில நேரம் காரணம் அவ்வளவுதான். பிறகு பாரம் எதுவும் ஏற்றாமல் அதிர்வுக் கணக்கை மட்டும் ஓட்டுவேன். எதிலும் பிடிபடாத பாகம் இருந்தால் அதிர்வெண் பூஜ்யத்தை ஒட்டி வரும், அந்தப் பாகம் திரையில் தனியே மிதந்து போவதையும் பார்க்கலாம்.

என் தாங்கியும் அப்படித்தான் மிதந்து போனது. இடைவெளியை மூடி மீண்டும் ஓட்டியபோது தகைவு எஃகின் வரம்பைத் தாண்டியிருந்தது. தகட்டை இன்னும் கனமாக்கி வரைந்துகொண்டிருக்கிறேன்.