அப்பாவின் பைபிள்... மகனின் காடு!

செமஸ்டர் ரிசல்ட் வர்றதுக்கு முந்தின நாள் கோயில், சர்ச், பள்ளிவாசல் எல்லாமே ஹவுஸ்ஃபுல்! மத்த நாள்ல? 'அதெல்லாம் அப்பா, அம்மா டிபார்ட்மென்ட்'னு நைஸா ஒதுங்கிடுறோம். ஆனா, டூர் போன இடத்துல, மலை உச்சியில பனி விலகி கீழே பள்ளத்தாக்கு மெள்ளத் தெரியும்போது பாருங்க... கேங்கிலேயே ஓயாம வாயடிக்கிற ஆளுகூட அஞ்சு நிமிஷம் பேசாம நிப்பான். கவனிச்சிருக்கீங்களா?

அந்த அஞ்சு நிமிஷ மௌனத்துக்கு என்ன பேர்? பக்தியா, ரசனையா? வீட்டுல சொல்லிக்கொடுத்த சாமிக்கும் அதுக்கும் ஏதாவது சம்பந்தம் இருக்கா?

இந்தக் கேள்வியைச் சுமந்துக்கிட்டே வாழ்க்கை முழுக்க நடந்த ஒருத்தரை இந்த வாரம் பார்ப்போம். பேர், ஜான் மியூர்.

அடியும் மனப்பாடமும்

1838-ல் ஸ்காட்லாந்தின் டன்பர் என்ற கடலோர ஊரில் பிறந்தவர். அப்பா டேனியல், கண்டிப்பான கிறிஸ்தவர். வீட்டில் பைபிளைத் தவிர வேறு புத்தகம் எதற்கு என்று கேட்கிற ரகம். பதினோரு வயதுக்குள் புதிய ஏற்பாடு முழுவதும், பழைய ஏற்பாட்டில் முக்கால்வாசியும் ஜானுக்கு மனப்பாடம். ஆசையினால் இல்லை, அடியினால்!

1849-ல் குடும்பம் அமெரிக்காவின் விஸ்கான்ஸின் பகுதிக்குக் குடிபெயர்ந்தது. காட்டை அழித்துப் பண்ணை. அங்கே பாறையில் கிணறு தோண்டும் வேலை ஜான் தலையில் விழுந்தது. சுத்தியல், உளியோடு தினமும் வாளியில் உட்காரவைத்துக் கீழே இறக்குவார்கள். 80 அடி ஆழத்தில் ஒரு நாள் விஷ வாயு தாக்கி மயங்கிவிட்டான். சாவின் வாசல்வரை போய் மீண்டான். ஓரிரு நாளில் திரும்பவும் அதே கிணற்றில் இறக்கினார் அப்பா. 90 அடியில்தான் தண்ணீர் வந்தது.

ராத்திரி கண்விழித்துப் படிக்க வீட்டில் தடை. 'வேணும்னா காலையில எவ்வளவு சீக்கிரம் வேணும்னாலும் எழுந்துக்கோ' என்று அப்பா சொல்லிவைக்க, பையன் ராத்திரி ஒரு மணிக்கே எழுந்துவிட்டான்! அந்த நேரத்தில் மரத்தாலேயே கடிகாரங்கள் செய்தான். குறித்த நேரத்தில் ஆளைக் கட்டிலோடு சாய்த்து எழுப்பிவிடும் இயந்திரமும் செய்தான். நம்ம ஹாஸ்டலுக்கு அவசியம் தேவைப்படுற ஐட்டம்!

ஒரு பூ எடுத்த கிளாஸ்

பிறகு விஸ்கான்ஸின் பல்கலைக்கழகம். ஒரு நாள் கேம்பஸில் நின்ற லோகஸ்ட் மரத்தடியில், க்ரிஸ்வோல்ட் என்ற சக மாணவர் ஒரு பூவைப் பறித்துக் காட்டினார். இவ்வளவு பெரிய மரமும் தரையில் படரும் பட்டாணிக் கொடியும் ஒரே குடும்பம் என்று விளக்கினார். பூவின் அமைப்பு ஒன்று, இலையின் ருசியும் ஒன்று. மியூருக்குத் தலை சுற்றியது. உலகம் தாறுமாறாகக் கொட்டிக்கிடக்கிற குவியல் இல்லை, உள்ளுக்குள் ஓர் உறவுமுறை ஓடுகிறது என்று அன்றைக்குப் புரிந்தது. வாத்தியார் எடுக்காத அந்தப் பாடம்தான் அவர் வாழ்க்கையையே திருப்பியது.

1863-ல் பட்டம் வாங்காமலே கல்லூரியை விட்டுக் கிளம்பினார். ஒரு பல்கலைக்கழகத்திலிருந்து இன்னொன்றுக்கு, அதாவது காட்டுக்கு மாறுவதாகப் பின்னாளில் எழுதினார்.

ஒரு நிமிஷம்! 'சூப்பர் தல, நானும் டிராப் அவுட்'னு கிளம்பிடாதீங்க. அவர் நேரே காட்டுக்குப் போய்ச் செட்டிலாகவில்லை. மில்லிலும் தொழிற்சாலையிலும் வேலை பார்த்தார். இயந்திரங்களில் கில்லாடி. அப்படியே விட்டிருந்தால் பெரிய முதலாளி ஆகியிருப்பார்.

நான்கு வாரம் இருட்டு

1867 மார்ச். இண்டியானாபொலிஸ் நகரில், வண்டிச் சக்கரங்கள் செய்யும் தொழிற்சாலை. கையிலிருந்த அரம் நழுவி வலது கண்ணில் குத்தியது. அதன் அதிர்ச்சியில் இடது கண்ணும் மங்கிவிட்டது. இருட்டு அறையில் சுமார் நான்கு வாரங்கள். வயது 28.

அந்த இருட்டில் அவரை வாட்டியது போன வேலையோ காசோ இல்லை. இனி ஒரு பூவைக்கூடப் பார்க்க முடியாதே என்பதுதான்! பார்வை மெள்ளத் திரும்பியது. வாழ்க்கையில் எதற்கு நேரம் ஒதுக்கணும் என்ற கணக்கு அவருக்கு மாறிவிட்டது.

அந்த செப்டம்பரிலேயே கென்டக்கியிலிருந்து ஃப்ளோரிடா கடற்கரைவரை சுமார் 1,000 மைல் நடந்தார். பையில் புதிய ஏற்பாடு, கூடவே மில்டனும் பர்ன்ஸும். முதலைகள் இருக்கும் சதுப்பு நிலத்தைக் கடக்கும்போது அவருக்குள் ஒரு கேள்வி. 'உலகமே மனுஷனுக்காகப் படைக்கப்பட்டதுன்னு சொல்றாங்களே, அப்ப இந்த முதலை யாருக்காக?' அதுவும் தனக்காகவே படைக்கப்பட்ட ஓர் உயிர் என்ற முடிவுக்கு வந்தார். அப்பா சொல்லிக்கொடுத்த கடவுளை அவர் தூக்கி எறியவில்லை. அந்தக் கடவுளின் வீட்டில் முதலைக்கும் இடம் கேட்டார், அவ்வளவுதான்!

பரவசமும் அளவுகோலும்

1868-ல் கலிஃபோர்னியா. யோஸமிட்டி பள்ளத்தாக்கைப் பார்த்தார். ஆடு மேய்த்தார், மரம் அறுக்கும் மில்லில் வேலை செய்தார், மலைகளில் அலைந்தார். பள்ளத்தாக்கின் தரை திடீரென்று உள்வாங்கி உருவான இடம் அது என்று மாநிலத்தின் பெரிய புவியியலாளர் விட்னி சொல்லிக்கொண்டிருந்தார். 'இல்லை, பனிப்பாறை செதுக்கியது' என்றார் மியூர். ஆட்டுக்காரனுக்கு என்ன தெரியும் என்று இளக்காரம் செய்தார்கள்.

மியூர் சண்டை போடவில்லை. 1872-ல் ஒரு பனிப்பாறையின் மேல் வரிசையாகக் குச்சிகளை நட்டார். 46 நாள் கழித்துப் போய் அளந்தார். நடுவிலிருந்த குச்சி 47 அங்குலம் நகர்ந்திருந்தது! பனியின் பங்கை அவர் கொஞ்சம் கூடுதலாகவே மதிப்பிட்டார். ஆறுகளுக்கும் அதில் பங்கு உண்டு. ஆனால், அடிப்படையில் அவர் சொன்னதே சரி என்கிறது இன்றைய அறிவியல். பரவசப்படத் தெரிந்தவருக்கு அளக்கவும் தெரிந்திருந்தது.

அப்பாவின் கடிதம்

மலையில் ஆபத்தில் சிக்கிப் பிழைத்த கதையை எழுதி வெளியிட்டார். 1874-ல் அப்பாவிடமிருந்து கடிதம். பாராட்டு இல்லை. இதெல்லாம் கடவுளின் வேலை இல்லை, எழுதுவதைக் கொளுத்திவிடு என்ற பாணியில் உபதேசம்!

இதில்தான் விஷயமே இருக்கிறது. மியூரின் எழுத்தைப் படித்தால் மரம் பிரசங்கம் செய்யும், காடு ஆலயமாகும், அருவி துதி பாடும். அத்தனையும் பைபிள் வாசம். பிரம்படியோடு மனப்பாடம் செய்த அதே சொற்கள்தான் அவர் காட்டைப் பற்றி எழுதும்போது கைகொடுத்தன. அவர் கடைசிவரை கிறிஸ்தவரா, இயற்கையையே கடவுளாக்கிவிட்டாரா என்று ஆய்வாளர்கள் இன்னும் வாதாடுகிறார்கள். கொளுத்தச் சொன்ன அப்பா 1885-ல் இறந்தபோது, படுக்கையருகே இருந்தார் ஜான்.

தோல்வியும் கறையும்

அவர் சாமியார் இல்லை. கல்யாணம், இரண்டு மகள்கள், பழத்தோட்டம் என்று நன்றாகச் சம்பாதித்தார். 1892-ல் சியெர்ரா கிளப் தொடங்கி அதன் தலைவரானார். 1903-ல் ஜனாதிபதி ரூஸ்வெல்ட்டைக் காட்டுக்குக் கூட்டிப்போய் மூன்று இரவுகள் தங்கவைத்தார். ஆனாலும், ஹெட்ச் ஹெட்ச்சி பள்ளத்தாக்கில் சான் பிரான்சிஸ்கோவின் தண்ணீருக்காக அணை கட்ட 1913-ல் சட்டம் வந்துவிட்டது. தோற்றுப்போன மியூர் அடுத்த ஆண்டு டிசம்பரில் இறந்தார். அந்த நகரம் இன்றும் அந்தத் தண்ணீரைத்தான் குடிக்கிறது.

கறையும் உண்டு. ஆளில்லாத தூய காடு என்று அவர் கொண்டாடிய யோஸமிட்டியில் பழங்குடி மக்கள் வாழ்ந்தார்கள். 1851-ல் படை அனுப்பி அவர்களை விரட்டினார்கள். பழங்குடிகளையும் கறுப்பின மக்களையும் இழிவாகக் குறிப்பிட்ட இடங்கள் மியூரின் எழுத்தில் இருக்கின்றன. 2020-ல் சியெர்ரா கிளப்பே அதை வெளிப்படையாகப் பேசியது. முதலைக்கு இடம் கேட்டவர், பக்கத்து மனிதர்களுக்குக் கேட்க மறந்தார். மலை உச்சியில மெய்சிலிர்த்து நிக்கிறதோட நம்ம வேலை முடிஞ்சிடாதுங்கிறதுக்கு இதைவிடச் சாட்சி வேணுமா?

வீட்டு நம்பிக்கையை அப்படியே ஏத்துக்கணும், இல்லேன்னா மொத்தமா உதறணும்னு ரெண்டே வழிதான் இருக்கிற மாதிரி நாம பேசிக்கிறோம். மூணாவது வழி ஒண்ணு இருக்கு. அப்பா தந்த சொற்களை எடுத்துக்கிட்டு, அவர் போகாத இடத்துக்கு நடக்கிறது. அந்த வழியில அப்பாவோட முரண்பாடு தீராமலேகூட இருக்கலாம். கடைசி நேரத்துல பக்கத்துல உட்கார அது தடையில்லை.

உங்க கேம்பஸ்ல புங்கை மரம் இருக்கா? பூ உதிர்ந்து கிடக்கிற நாள்ல ஒண்ணைக் கையில எடுங்க. மேலே நிமிர்ந்த ஒரு பெரிய இதழ், ரெண்டு பக்கமும் சிறகு மாதிரி ரெண்டு, நடுவுல படகு மாதிரி ஒட்டின ரெண்டு. அடுத்து வீட்டு அவரைப் பந்தல்ல ஒரு பூவைப் பாருங்க. ரெண்டும் சொந்தம்! மியூர் வாயடைச்சு நின்ன அதே பட்டாணிக் குடும்பம்தான். ஃபீஸ் கிடையாது, அட்டெண்டன்ஸ் கிடையாது. மொபைலைப் பையில போட்டுட்டு, அஞ்சு நிமிஷம் மட்டும் நில்லுங்க!